ராகாபின் சிவப்புக் கயிறும் ஏசாவின் கூழும்: வேதம் முழுக்க ஒரே கதைதானா?

பூக்கல் (ஆத்தங்குடி), ஞாயிறு இரவு

எல்லோருக்கும் வணக்கம். இன்று எங்கள் சபைக்கு வெளியூரிலிருந்து ஒரு போதகர் வந்திருந்தார். நல்ல பேச்சாளர். ஆதியாகமத்திலிருந்து வெளிப்படுத்தின விசேஷம் வரை ஒரு சிவப்பு நூல் ஓடுகிறது என்று ஆரம்பித்தார். எரிகோவில் இஸ்ரவேலின் வேவுகாரரை ஒளித்துவைத்த ராகாப், தன் வீடு தப்பவேண்டும் என்று ஜன்னலில் கட்டிய சிவப்பு நூல் கயிறு கிறிஸ்துவின் ரத்தத்துக்கு முன்னடையாளம் என்று முடித்தார். சபையில் பலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். நானும்தான்.

வீட்டுக்கு வந்து சாப்பிட உட்கார்ந்தோம். ஏழாவது படிக்கிற என் பையன் கேட்டான்: "அப்பா, ஏசா யாக்கோபுகிட்ட 'அந்தச் சிவப்பான கூழிலே கொஞ்சம் தா'ன்னு கேட்டானே, அதுவும் ரத்தமா?"

பசியோடு வந்த ஏசா, தம்பி யாக்கோபிடம் கூழுக்காகத் தன் மூத்தமகன் உரிமையை விற்ற கதை அது. சிரித்துவிட்டேன். ஆனால் பதில் வரவில்லை. கயிறு ரத்தமென்றால் கூழ் ஏன் ரத்தமில்லை? எது நிஜமான தொடர்பு, எது நாமாக ஒட்டவைப்பது என்று படித்தவர்கள் எப்படிப் பிரிக்கிறார்கள்? கேலிக்காகக் கேட்கவில்லை, அவனுக்கு நான் பதில் சொல்லியாக வேண்டும்.

கல்லல் ஜங்ஷன், ஞாயிறு இரவு

பையனுக்கு என் வாழ்த்துகள். அப்படியே கவுனி அரிசிக்கும் ஒரு வசனம் பார்த்து வையுங்கள், கறுப்பாக இருக்கிறது.

தேவகோட்டை டீச்சர், திங்கள் காலை

கல்லல் தம்பி, கிண்டல் இருக்கட்டும். பூக்கல் சார், உங்கள் போதகர் இதைச் சொந்தமாகக் கண்டுபிடிக்கவில்லை. முதல் நூற்றாண்டின் கடைசியில் ரோமையிலிருந்து கொரிந்துச் சபைக்குக் கிளமெந்து எழுதிய கடிதத்திலேயே ராகாபின் கயிறு ஆண்டவருடைய ரத்தத்தைக் காட்டுகிறது என்று வருகிறது. ஆக இந்த வாசிப்புக்குக் கிட்டத்தட்ட 1,900 வயது. பழசு என்பதாலேயே சரியாகிவிடாது, அதுவும் உண்மை.

நாங்கள் கத்தோலிக்கர். இங்கிருந்து தொண்டிப் பக்கம் போனால் ஓரியூர். அருளானந்தர் 1693-இல் தலை வெட்டுண்ட இடம். அங்கே மண் சிவப்பாக இருப்பதற்கு அவருடைய ரத்தம்தான் காரணம் என்று எங்கள் அம்மா சொல்லித்தான் வளர்ந்தேன். சிவப்பைக் கண்டால் ரத்தம் நினைவுக்கு வருவது நம் எல்லோருக்கும் இருக்கிற பழக்கம். பக்தியில் அதற்கு இடமுண்டு. வேதத்தை விளக்கும்போது அது மட்டும் போதுமா என்பதுதான் கேள்வி.

இரண்டாம் நூற்றாண்டில் லியோன் நகர ஆயராக இருந்த இரேனியு ஓர் உவமை சொல்கிறார். ஒரு கைதேர்ந்த கலைஞன் மணிக்கற்களைப் பதித்து ராஜாவின் உருவம் செய்து வைத்திருக்கிறான். இன்னொருவன் வந்து அதே கற்களைப் பெயர்த்து, மாற்றி அடுக்கி, ஒரு நரியைச் செய்துவிட்டு, "பாருங்கள், இதுதான் ராஜா, கல்லெல்லாம் அசல்தானே" என்கிறான். வசனங்களைப் பிய்த்து எடுத்துத் தங்கள் கதைக்கு அடுக்கிய, ரகசிய ஞானத்தால்தான் மீட்பு என்ற ஞானக் கொள்கையாளர்களைப் பற்றி அவர் சொன்னது இது. கல் அசலாக இருந்தால் போதாது, அடுக்கும் அசலாக இருக்கவேண்டும். கல் அடுக்குவது உங்கள் தொழிலாயிற்றே, உங்களுக்கு நான் சொல்லவேண்டியதில்லை.

பூக்கல்

டீச்சர், இதைப் படித்ததும் பட்டறையில் வேலையை நிறுத்திவிட்டேன். தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். நான் ஆத்தங்குடித் தரைக்கல் செய்கிறவன். எங்கள் கல்லில் பாதி டிசைன்களுக்கு ஒரு கல்லில் பூ முழுசாக இருக்காது, கால் பூதான் இருக்கும். நாலு கல்லை நாலு பக்கமும் திருப்பிப் பதித்தால்தான் பூ கூடும். ஒன்றைத் தப்பாகத் திருப்பிவிட்டால் நாலும் கெட்டது. இன்னொன்று, வார்க்கும்போது வண்ணம் கண்ணாடித் தகட்டின் மேல் கீழ்ப்பக்கமாக இருக்கும். அதன்மேல் சிமெண்டும் மணலும் போட்டு அழுத்துகிறவனுக்குத் தெரிவது முதுகுதான். கண்ணாடியை எடுத்த பிறகுதான் முகம் தெரியும். மோசேக்கும் ஏசாயாவுக்கும் அப்படித்தான் இருந்திருக்குமோ?

குருத்தோலை, திங்கள் மாலை

காரைக்குடிப் பையன், இறையியல் மூன்றாம் வருஷம், லீவுக்கு வந்திருக்கிறேன். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

பூக்கல் அண்ணன் கேட்கிற கேள்விக்கென்றே ஒரு துறை இருக்கிறது. விவிலிய இறையியல் என்பார்கள். 1787-இல் ஜெர்மனியின் ஆல்ட்டார்ஃப் பல்கலைக்கழகத்தில் யோஹான் பிலிப் காப்லர் ஆற்றிய பதவியேற்பு உரையிலிருந்து அதன் கணக்கைத் தொடங்குவது வழக்கம். சபை இன்று என்ன போதிக்கிறது என்பது ஒன்று, வேதத்தை எழுதினவர்கள் தங்கள் காலத்தில் என்ன நினைத்தார்கள் என்பது வேறொன்று; இரண்டையும் முதலில் பிரியுங்கள் என்றார் அவர். நூறு வருஷம் கழித்துப் பிரின்ஸ்டனில் கேர்ஹார்டஸ் வோஸ் இதை அழகாகச் சொன்னார். முறைசார் இறையியல் வட்டம் போடுகிறது, விவிலிய இறையியல் கோடு இழுக்கிறது. கடவுள், பாவம், மீட்பு என்று தலைப்பு வைத்து வசனங்களைச் சேர்ப்பது வட்டம். ஒரு விஷயம் ஆதியாகமத்தில் முளைத்து, தீர்க்கதரிசிகளிடம் வளர்ந்து, சுவிசேஷங்களில் எப்படிக் காய்க்கிறது என்று காலவரிசையில் பின்தொடர்வது கோடு.

சரி, எல்லாக் கோடுகளும் கூடுகிற மையம் ஒன்று உண்டா? இங்கேதான் சண்டை. வால்ட்டர் ஐக்ரோட் 1933-இல் உடன்படிக்கைதான் பழைய ஏற்பாட்டின் மையம் என்று கட்டினார். கெர்ஹார்ட் ஃபான் ராட் 1957-லும் 1960-லும் வந்த இரண்டு தொகுதிகளில், அப்படி ஒற்றை மையம் இல்லை, இஸ்ரவேல் தன் மீட்பின் கதையைத் தலைமுறைக்குத் தலைமுறை புதிதாகச் சொல்லிக்கொண்டே போனது, அந்தச் சொல்லுதலைத்தான் பின்தொடர முடியும் என்றார். அப்புறம் பிரெவர்ட் சைல்ட்ஸ் வந்து, துண்டுதுண்டாக மூலம் தேடியது போதும், சபையின் கையில் இருக்கிற முழு நூலையும் சேர்த்து வாசியுங்கள் என்றார். என் மனசு ஃபான் ராட் பக்கம். பரீட்சையில் சைல்ட்ஸ் பக்கம் எழுதுவேன்.

இப்போது கயிறு. தொடர்பு உண்மையா என்று பார்க்க ரிச்சர்ட் ஹேஸ் சில சோதனைகள் வைக்கிறார். பின்னால் எழுதினவருக்கு முந்தின நூல் தெரிந்திருக்குமா? சொல்லும் அமைப்பும் எவ்வளவு ஒத்துப்போகின்றன? அவர் அதே பகுதியை வேறு இடத்திலும் தொடுகிறாரா? அவர் சொல்லவந்ததோடு அது சேர்கிறதா? இவ்வாறு ஏழு. பவுலின் கடிதங்களுக்காக வைத்தவை, ஆனால் இங்கேயும் உதவும்.

நிறத்தை மறந்துவிட்டு யோசுவா 2-ஐ வாசியுங்கள். ராகாப் "நிச்சயமான அடையாளம்" கேட்கிறாள். குடும்பம் முழுக்க ஒரே வீட்டுக்குள் இருக்கவேண்டும். வாசலைத் தாண்டி வெளியே போகிறவன் ரத்தம் அவன் தலைமேல். உள்ளே இருப்பவர்கள் பிழைப்பார்கள். இப்போது யாத்திராகமம் 12. எகிப்தில் தலைப்பிள்ளைகள் சாகிற இரவில் இஸ்ரவேலர் வீடுகளை ஆட்டு ரத்தம் காத்த கதை, பஸ்கா பண்டிகையின் தொடக்கம். ரத்தம் வீடுகளில் "அடையாளமாய்" இருக்கும், விடியும்வரை யாரும் வாசலைவிட்டுப் போகக்கூடாது, வீட்டுக்குள் இருப்பவர்கள் பிழைப்பார்கள். மூல எபிரேயத்திலும் இரண்டு இடத்திலும் அடையாளத்துக்கு ஒரே சொல். யோசுவாவில் மூன்று அதிகாரம் தாண்டினால் பஸ்கா ஆசரிக்கிறார்கள்! எழுதினவர் பஸ்காவை நினைத்துக்கொண்டுதான் எழுதியிருக்கிறார் என்பேன். ஒரு கானானியப் பெண்ணின் வீடு இஸ்ரவேலின் பஸ்கா வீடாகிறது. பிறகு மத்தேயு இயேசுவின் வம்ச வரலாற்றில் அவள் பெயரைச் சேர்க்கிறார். இங்கே தொடர்பைத் தாங்குவது வீடும் வாசலும் அடையாளமும்தான், சிவப்பு ஒட்டிக்கொண்டு வருகிறது.

ஏசாவின் கூழுக்கு இதில் எதுவுமில்லை. அங்கே சிவப்பு "ஏதோம்" என்ற பெயருக்கான சொல்விளையாட்டு, அதை அந்த வசனமே சொல்லிவிடுகிறது. தம்பியிடம் சொல்லுங்கள், கூழ் கூழ்தான்.

பூக்கல்

கோடு, வட்டம் இரண்டும் நன்றாகப் புரிந்தது. ஒரு கோட்டை முதலிலிருந்து கடைசிவரை இழுத்துக் காட்ட முடியுமா? அடுத்த வாரம் வாலிபர் கூட்டத்தில் பேசச் சொல்லியிருக்கிறார்கள், அதற்கும் ஆகும்.

தேவகோட்டை டீச்சர், செவ்வாய் மதியம்

குருத்தோலைத் தம்பிக்கு முன் நான் முந்திக்கொள்கிறேன். எனக்குப் பிடித்தது கடவுள் மனிதர் நடுவே குடியிருக்கும் கோடு.

ஏதேன் தோட்டம் பார்ப்பதற்குத் தோட்டம், அமைப்பில் கோயில். மனிதனை அதைப் பண்படுத்தவும் காக்கவும் வைத்தார் என்கிறது. எபிரேயத்தில் அந்த இரண்டு வினைகளும் சேர்ந்து பிறகு எண்ணாகமத்தில் வருகின்றன, லேவியர் என்ற ஊழியக் குலத்தார் கடவுளின் கூடாரக் கோயிலில் செய்யும் வேலைக்கு. தோட்டத்தின் கிழக்கே கேருபீன்கள் என்ற வானதூதர்கள் காவல். கூடாரத்துக்கும் வாசல் கிழக்கே, உள்திரையில் கேருபீன் உருவங்கள். வெளியேற்றப்பட்டவர்கள் திரும்பி வருகிற வழியைத் துணியிலும் மரத்திலும் செய்து வைத்ததுபோல. சாலொமோனின் ஆலயத்தை, கடவுள் வந்திறங்கியதற்கு அடையாளமாக, மேகம் நிரப்புகிறது. எசேக்கியேல் அந்த மகிமை கிழக்குப் பக்கமாக எழும்பிப் போவதைப் பார்க்கிறார். அந்த அதிகாரங்களை என்னால் ஒரே மூச்சில் படிக்கமுடியாது. எங்கள் தெருவில் ஆள் குடியில்லாமல் பூட்டிக் கிடக்கிற வீடுகளைப் பார்க்கும்போதும் எனக்கு அதே கனம்தான்.

பாபிலோன் சிறையிருப்பிலிருந்து திரும்பி வந்து ஆலயத்தை மறுபடி கட்டுகிறார்கள். எஸ்றா பிரதிஷ்டையைச் சொல்கிறார், பலியைச் சொல்கிறார், மேகம் இறங்கியதாகச் சொல்லவில்லை. அந்த மௌனம் யோவான் 1:14 வரை நீள்கிறது. உங்கள் பழைய மொழிபெயர்ப்பில் "நமக்குள்ளே வாசம்பண்ணினார்". எங்கள் பொது மொழிபெயர்ப்பில் "நம்மிடையே குடிகொண்டார்". கிரேக்கத்தில் அந்த வினை கூடாரமடித்தார் என்ற பொருள் உள்ளது. உங்கள் தமிழில் ஓர் அழகு பாருங்கள். யாத்திராகமம் 25:8-இல் "அவர்கள் நடுவிலே நான் வாசம்பண்ண". கூடாரத்துக்குப் பெயர் "வாசஸ்தலம்". யோவானில் "வாசம்பண்ணினார்". வெளிப்படுத்தின விசேஷம் 21:3-இல் "மனுஷர்களிடத்திலே தேவனுடைய வாசஸ்தலமிருக்கிறது". ஒரே வேர் நாலு இடத்திலும். எங்கள் "குடிகொண்டார்" வேறு விதத்தில் நெருக்கம். நம் ஊரில் சாமிதானே குடிகொள்ளும்?

கடைசிப் புத்தகத்தில் புதிய எருசலேமின் நீளம், அகலம், உயரம் மூன்றும் சமம். பழைய ஏற்பாட்டில் அப்படி மூன்று பக்கமும் சமமாக இருந்தது ஆலயத்தின் மகா பரிசுத்த ஸ்தலம், இருபதுக்கு இருபதுக்கு இருபது முழம். வருஷத்துக்கு ஒருநாள், ஒரே ஆள் நுழைந்த அறை ஒரு நகரமாகிவிட்டது! அதனால்தான் யோவான் அங்கே ஆலயத்தைக் காணவில்லை என்கிறார். தனியாக ஆலயம் எதற்கு?

குருத்தோலை

டீச்சர், அருமை. ஒரே ஒரு எச்சரிக்கை மட்டும். ஒரே சொல் என்பதாலேயே ஒரே பொருள் என்று நினைக்கிற பழக்கத்தை 1961-இல் ஜேம்ஸ் பார் நார்நாராகக் கிழித்தார். தமிழில் இந்த ஆபத்து இன்னும் கிட்டத்தில் இருக்கிறது. லேவியராகமத்தில் பலிகள் "சுகந்த வாசனை". அந்த வாசனையும் "வாசம்பண்ணினார்" என்பதும் ஒன்றென்று ஒருவர் பிரசங்கம் செய்தால் கேட்க இனிமையாக இருக்கும், முழுக்கத் தப்பு. மணக்கிற வாசமும் வசிக்கிற வாசமும் வேறு. உங்கள் நாலு வசனத்தில் தமிழ் தானாகச் சரியாக அமைந்தது, காரணம் மூலத்திலும் அந்தத் தொடர்பு இருக்கிறது. மூலத்தைப் பார்க்காமல் தமிழை மட்டும் நம்பியிருந்தால் அது அதிர்ஷ்டம்தான்.

தேவகோட்டை டீச்சர்

ஒப்புக்கொள்கிறேன். வாசனைப் பிரசங்கத்தை நான் நிஜமாகவே கேட்டிருக்கிறேன், அதைச் சொன்னவர் பெயரைச் சொல்லமாட்டேன்.

கானாடுகாத்தான், செவ்வாய் இரவு

நான் கிறிஸ்தவன் இல்லை, நகரத்தார் வீட்டுப் பிள்ளை. ஆனால் இந்த இழையை விடமுடியவில்லை. "குடிகொண்டார்" என்ற இடத்தில் எங்கள் வீட்டு முகப்பு ஞாபகம் வந்தது. அங்கே நின்றால் வளவு என்கிற உள்முற்றத்தைத் தாண்டி, இரண்டாம் கட்டைத் தாண்டி, பின்வாசல் வெளிச்சம் வரை நேராகத் தெரியும். நீங்கள் சொல்கிற கோடு அப்படித்தான் எனக்குப் பட்டது.

இரண்டு சந்தேகம். எங்களிடம் பன்னிரு திருமுறையைப் பதி, பசு, பாசம் (இறைவன், உயிர், உயிரைக் கட்டும் தளை) என்று மூன்றை வைத்து வாசிக்கிற மரபு உண்டு. அந்த மூன்றையும் முறைப்படுத்தியவை மெய்கண்ட சாத்திரங்கள் பதினான்கு. தேவாரம் அவற்றுக்கு முந்தியது. சம்பந்தர் பாடும்போது பின்னால் வந்த சாத்திரத்தை மனதில் வைத்தா பாடினார் என்று என் மாமா கேட்பார். உங்களுக்கும் அந்தக் கேள்வி உண்டல்லவா? அடுத்தது, பழைய ஏற்பாடு யூதர்களுடைய நூல். கோடு கிறிஸ்துவிடம் போய்ச் சேர்கிறது என்றால் அவர்கள் ஒத்துக்கொள்வார்களா?

குருத்தோலை

உங்கள் மாமாவின் கேள்விதான் காப்லருடைய கேள்வி. முதலில் சம்பந்தரைச் சம்பந்தராக வாசி, பிறகு சாத்திரத்தோடு சேர் என்றுதான் அவரும் சொல்லியிருப்பார்.

இரண்டாவதற்கு ஒரே சொல்லில் பதில், மாட்டார்கள். இதை மழுப்பக்கூடாது. அடுக்கே வேறு. எபிரேய வேதம் வழக்கமாக நாளாகமத்தில் முடிகிறது. பாரசீக ராஜா கோரேசின் கட்டளை, எருசலேமுக்கு யார் போக விரும்புகிறானோ அவன் போகட்டும் என்ற பேச்சு. வீடு திரும்பும் அழைப்போடு நூல் மூடுகிறது. நம்முடைய பழைய ஏற்பாடு மல்கியாவில் முடிகிறது, எலியா வருவான் என்ற வாக்கோடு. பக்கத்தைத் திருப்பினால் அந்த எலியாவாக யோவான் ஸ்நானன். பெரும்பாலும் அதே நூல்கள், அடுக்கு மாறியதும் முடிவு மாறுகிறது. கொல்லப்பட்டவர்களை இயேசுவே ஆபேல் (ஆதியாகமம்) முதல் சகரியா (நாளாகமம்) வரை என்று சொல்கிற இடத்தில் நாளாகமத்தில் முடிகிற பழைய வரிசைதான் தெரிகிறது என்று பலர் கருதுகிறார்கள்.

அடுக்கையே தூக்கி எறிந்தவரும் உண்டு. மார்சியோன். பழைய ஏற்பாட்டின் கடவுள் வேறு, இயேசுவின் பிதா வேறு என்றார். 144-இல் ரோமைச் சபை அவரை விலக்கியது. இரண்டு ஏற்பாடும் ஒரே கதை என்று சபை அழுத்திச் சொல்லத் தொடங்கியதற்கு அவரும் ஒரு காரணம்.

கானாடுகாத்தான்

தெளிவாகச் சொன்னீர்கள். எங்கள் வரிசையிலும் இது உண்டு. திருமூலரைக் காலத்தால் முந்தியவர் என்கிறவர்கள் பலர், இருப்பதோ பத்தாம் திருமுறையில்.

உடன்படிக்கை என்று மேலே வந்ததே, அதைப் பற்றி ஒன்று. எங்கள் கல்யாணங்களில் இசைகுடிமானம் எழுதுவோம். இரு வீட்டாரும் ஒப்பி எழுதிக் கையெழுத்திடும் பத்திரம். உங்கள் உடன்படிக்கையும் அதைப்போலா?

குருத்தோலை

எழுத்து, சாட்சி, இரு தரப்பு வரை ஒப்புமை சரி. ஆனால் ஆதியாகமம் 15-ஐப் பாருங்கள். மிருகங்களைப் பிளந்து எதிரெதிரே வைக்கிறார்கள். வாக்கை மீறினால் எனக்கும் இந்தக் கதி என்று நடுவே நடந்துபோவது அந்தக் காலத்து முறை. ஆபிராம் நடக்கவில்லை, அவனுக்கு அயர்ந்த நித்திரை. புகைகிற சூளையும் அக்கினி ஜ்வாலையும் மட்டும் கடந்துபோகின்றன. கையெழுத்து ஒரு பக்கம்தான். பிறகு எரேமியா 31-இல் புது உடன்படிக்கை, லூக்கா 22-இல் இது புது உடன்படிக்கை என்று இயேசு கொடுத்த பாத்திரம். எபிரெயர் 9-இல் உடன்படிக்கைக்கான அதே கிரேக்கச் சொல் உயில் என்ற பொருளுக்குத் திரும்புகிறது. நம் பழைய மொழிபெயர்ப்பு அதை "மரணசாசனம்" என்று வைத்தது எவ்வளவு பொருத்தம்!

கல்லல் ஜங்ஷன், புதன் காலை

எல்லாம் நன்றாகத்தான் இருக்கிறது. நீங்கள் மூன்று பேரும் உங்களுக்கு வசதியான அறைகளை மட்டும் திறந்து காட்டுகிறீர்கள். பிரசங்கியில் உடன்படிக்கை எங்கே? நீதிமொழிகளில் எகிப்திலிருந்து புறப்பட்ட கதை எங்கே? எஸ்தர் எபிரேயத்தில் கடவுள் பெயரே இல்லை. 22-ஆம் அதிகாரம் 17-ஆம் வசனத்திலிருந்து வருகிற நீதிமொழிகள் அமெனமோப்பே என்ற எகிப்திய அறிவுரை நூலை ஒத்திருக்கின்றன. இந்த நூல்கள் எந்தக் கோட்டில்? ஒரே கதை என்று முதலில் முடிவுசெய்துவிட்டால் எல்லாம் ஒரே கதையாகத்தான் தெரியும்.

குருத்தோலை

அண்ணே, இதுதான் இந்தத் துறையின் முதுகெலும்பு வலி. மையம் என்று எதை வைத்தாலும் நீதிமொழிகள், பிரசங்கி போன்ற ஞான நூல்கள் வெளியே நிற்கின்றன. ஐக்ரோட்டின் உடன்படிக்கையும் அங்கேதான் தடுக்கியது. ஃபான் ராட் இஸ்ரவேலின் ஞானத்தைப் பற்றிப் பிறகு தனியாகவே எழுதவேண்டி வந்தது.

முழுப் பதில் என்னிடம் இல்லை. பாதிப் பதில் ஒன்று சொல்கிறேன். நீதிமொழிகளில் நாலு இடத்தில் ஜீவவிருட்சம் வருகிறது. ஆதியாகமத்துக்கும் வெளிப்படுத்தின விசேஷத்துக்கும் நடுவே, எபிரேய வேதத்தில் அந்த மரம் பெயரோடு வருவது அந்த ஒரு நூலில் மட்டும்தான். தோட்டத்து வாசலில் கேருபீன் நிற்கிறது. ஞானத்தைப் பிடித்துக்கொள்கிறவனுக்கு அவளே ஜீவவிருட்சம் என்கிறது 3:18. மீட்பின் கதையைச் சொல்லாமலே அந்த நூல் தோட்டத்தை நினைக்கிறது. பிரசங்கிக்கு இப்படி ஒன்றும் காட்டமாட்டேன். காட்டினால் அது கூழுக்கு ரத்தம் காட்டிய மாதிரி.

கல்லல் ஜங்ஷன்

காட்டமாட்டேன் என்றீர்களே, அதற்காக இந்த இழையில் இனி கிண்டல் இல்லை. ஜீவவிருட்சம் எனக்குத் தெரியாது, பார்க்கிறேன். ஆனாலும் பிரசங்கி வெளியேதான் நிற்கிறார்.

தேவகோட்டை டீச்சர்

நிற்கட்டுமே. பெரிய வீட்டில் எல்லோரும் வளவுக்குள்ளேயே உட்கார்ந்திருப்பார்களா? திண்ணையில் ஒருவர் தனியாக உட்கார்ந்து, எல்லாம் மாயை என்று தெருவைப் பார்த்துச் சொல்லிக்கொண்டிருப்பார். அவருக்கும் சாப்பாடு அந்த வீட்டில்தான்.

பூக்கல், சனி இரவு

வாலிபர் கூட்டம் முடிந்தது. குடியிருப்புக் கோட்டைத்தான் எடுத்தேன். நாலு கால்பூக் கல்லைத் தூக்கிக்கொண்டு போய், முதலில் தப்பாக அடுக்கிக் காட்டினேன், அப்புறம் திருப்பினேன். நரியையும் ராஜாவையும் சொன்னேன். பிள்ளைகள் கல்லைத்தான் அதிகம் பார்த்தார்கள், பரவாயில்லை.

வீட்டுக்கு வரும் வழியில் கயிறு விஷயத்தைப் பையனுக்கு விளக்கினேன். பஸ்கா வீடு, அடையாளம், வாசல் எல்லாம். கவனமாகக் கேட்டான். பைக்கின் பின்னாலிருந்து கேள்வி வந்தது: "ராகாப் வீடு மதில்லேயே இருந்துச்சுன்னு போட்டிருக்கே. ஆறாம் அதிகாரத்துல மதில் இடிஞ்சு விழுந்துடுது. அப்ப அவ வீடு மட்டும் எப்படி நின்னுச்சு?"

குருத்தோலைத் தம்பி, இருக்கிறீர்களா?

குருத்தோலை

இருக்கிறேன் அண்ணே. திங்கட்கிழமை காலேஜ் திறக்கிறது, எபிரேய வாத்தியாரிடம் கேட்டுவிட்டு வருகிறேன். தம்பியை ஞான நூல்கள் பக்கம் மட்டும் இப்போதைக்கு விடாதீர்கள்.